முத்துவின் பெயர்: ஈப்பிடிப்பான் ஒன்றின் பாகுபாட்டு வரலாறு

யாழ்ப்பாணத்து அரசர் காலக் குடியேற்றங்களைக் கூறும் நூல்களிலே இணுவிலோடு இணைத்துச் சொல்லப்படும் பெயர் பேராயிரவன் என்பது. கைலாயமாலையும், ஒல்லாந்த அதிகாரி மக்கறாவின் வேண்டுகோட்படி மாதகல் மயில்வாகனப் புலவர் இயற்றிய யாழ்ப்பாண வைபவமாலையும் வேளாளத் தலைவர் பலரை ஊர் ஊராக இருத்திக் காட்டுகின்றன. அவ்வரிசையில் இணுவிலுக்கு உரியவனாகக் கூறப்படுபவன் இவன். அவனுடன் வந்து நிலந் திருத்தியோரும், கிணறு வெட்டியோரும், துலா மிதித்தோரும் தொகைப் பெயர்களுக்குள் அடங்கிவிட்டனர். தலைவனுக்குத் தனிப்பெயரும் ஏவலருக்குத் தொகைப்பெயருமே நமது வரலாற்று நூல்களின் பொதுவழக்கு. இவ்வழக்கை நிலமானியச் சமுதாயத்தின் இயல்பெனக் கூறி நாம் அமைதி காண்பதுண்டு. பக்கச்சார்பற்றது என மதிக்கப்படும் இயற்கை விஞ்ஞானத்தின் ஏடுகளைப் புரட்டினாலும் நிலைமை பெரிதும் வேறுபடுவதில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டிலே இலங்கையிற் சேகரிக்கப்பட்ட உயிரினங்களுக்கு இடப்பட்ட பெயர்களிற் பெரும்பாலானவை உத்தியோகத்தரையும், அவர்தம் மனைவியரையும், கல்கத்தாவிலும் இலண்டனிலும் இருந்த அறிஞரையுமே நினைவூட்டுகின்றன.

இதற்கு ஒரு விலக்கு உண்டு. அது நமது குடாநாட்டிலேயே நிகழ்ந்தது. மஸ்சிகாப்பா முத்துயி என்பது ஒரு சிறிய ஈப்பிடிப்பானின் விஞ்ஞானப் பெயர். அப்பெயரின் பின்பாதியிலுள்ள முத்து, பருத்தித்துறையில் அப்பறவையைக் கொணர்ந்து கொடுத்த பணியாள். அப்பெயர் இடப்பட்டவாற்றையும், நூற்றெழுபது ஆண்டுகளாக அது நிலைத்தவாற்றையும் ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும். பறவையியலார்க்கு இது நன்கு தெரிந்த செய்தியே. எனினும் சமூக வரலாற்று நோக்கில் இது போதிய கவனத்தைப் பெறவில்லை என்பது எமது கருத்து.

முதலிற் பறவையை அறிந்துகொள்வோம். அலகு நுனியிலிருந்து வால் நுனிவரை 13 அல்லது 14 சென்ரிமீற்றர் நீளம். மேற்புறம் மங்கிய கபிலம். மார்பிற் பரந்த கபிலப் பட்டை. தொண்டையும் வயிறும் வெண்மை. பெரிய கண்ணைச் சூழ்ந்து வெளிறிய வளையம். காலும் கீழலகும் வெளிறிய மஞ்சள் நிறமானவை. குளிர்காலத்தில் நம் நாட்டுக்கு வரும் மற்றொரு கபில ஈப்பிடிப்பானின் கால்கள் கருநிறமானவை. இரண்டையும் பிரித்தறிய இக்கால் நிறமே எளிய அடையாளம். ஆணும் பெண்ணும் ஒருபடித்தானவை. அடர்ந்த காட்டின் கீழ்க்கிளைகளில், ஒளி குறைந்த இடத்தில் அசையாது அமர்ந்திருந்து, பறக்கும் பூச்சியைப் பாய்ந்து பிடித்து மீளும். விடியலிலும் அந்தியிலுமே அதன் நடமாட்டம் மிகுதி. நிறத்தாலோ குரலாலோ மனிதர் கவனத்தை ஈர்க்கும் தன்மை அதற்கு இல்லை. இதனைக் கண்டுபிடிக்க வேண்டுமாயின் பொறுமையும் பழகிய கண்ணும் வேண்டும். இக்குறிப்பு பின்னர் நமக்குப் பயன்படும்.

இப்பறவை இலங்கையிற் கூடு கட்டுவதில்லை. வடகிழக்கு இந்திய மலைகளிலும், அவற்றுக்குக் கிழக்கே மியன்மார், வட தாய்லாந்து, தென் சீனா ஆகிய நாடுகளின் மலைக்காடுகளிலும் கோடையில் முட்டையிட்டுக் குஞ்சு பொரிக்கின்றது. குளிர்காலத்தைத் தென்மேற்கு இந்தியாவிலும் இலங்கையிலும் கழிக்கின்றது. இலங்கையில் அது விரும்பித் தங்குவது ஈரவலயத்துக் காடுகளிலும் மலையடிவாரங்களிலுமே. யாழ்ப்பாணக் குடாநாட்டின் நிலம் வேறுவகையானது. சுண்ணக்கல்லின்மேற் படிந்த செம்மண், பனந்தோப்பு, புகையிலைத் தோட்டம், வேலி சூழ்ந்த வளவு ஆகியவையே இணுவிலிலும் அதன் அயலூர்களிலும் நாம் காணும் தோற்றம். உயர்ந்த காடு இங்கே இல்லை. வளவுகளிலுள்ள மாவும் பலாவும் வேம்பும், கோயில் வீதிகளின் மருதும் ஆலும் தரும் நிழலே காட்டுப் பறவைக்கு இங்கு கிடைக்கக்கூடிய காடு. பாக்கு நீரிணையைக் கடந்து தெற்கு நோக்கிச் செல்லும் பறவைக்கு இக்குடாநாடு தங்குமடமேயன்றி வீடன்று. அத்தங்குமடத்திற் கிடைத்த ஒரு பறவையைக் கொண்டே இவ்வினம் முதன்முதலாக உலகுக்கு விவரிக்கப்பட்டது.

விவரித்தவர் எட்கர் லெயோப்போல்ட் லேயாட் என்பவர். 1824 ஆம் ஆண்டில் இத்தாலியின் புளோரன்ஸ் நகரிற் பிறந்த இவர், நினிவே நகர அகழ்வினாற் புகழ்பெற்ற ஒஸ்ரின் ஹென்றி லேயாட்டின் உடன்பிறந்தார். தந்தையார் இலங்கைச் சிவில் சேவையிற் பணியாற்றியவர். எட்கர் லேயாட் 1846 இல் இலங்கைக்கு வந்தார். இராணுவ மருத்துவரான றொபேட் ரெம்பிள்ரனுடன் கூடி இந்நாட்டு உயிரினங்களை ஆராய்ந்தார். அக்காலத்திலே கல்கத்தாவில் வங்க ஆசியக் கழகத்தின் அரும்பொருட்சாலைக்குப் பொறுப்பாயிருந்த எட்வேட் பிளைத்துக்கு மாதிரிகள் பலவற்றை அனுப்பினார். குடியேற்றநாட்டுச் செயலாளராயிருந்த எமேர்சன் ரெனன்ற் இலங்கையின் இயற்கை வரலாற்றைப் பற்றி எழுதியபோது லேயாட்டின் குறிப்புகளைப் பெரிதும் பயன்படுத்தினார். இலங்கைப் பறவைகளைப் பற்றிய லேயாட்டின் கட்டுரைத் தொடர் 1853, 1854 ஆம் ஆண்டுகளில் இலண்டனில் வெளிவந்த இயற்கை வரலாற்றுச் சஞ்சிகையொன்றில் இடம்பெற்றது. பின்னர் தென்னாபிரிக்கா சென்று, 1855 இற் கேப் நகரத்து அரும்பொருட்சாலையின் பொறுப்பாளரானார்.

1854 இல் வெளிவந்த பகுதியிலேதான் இவ்வீப்பிடிப்பான் பியூற்றாலிஸ் முத்துயி எனப் பெயர் பெறுகின்றது. பெயரின் காரணத்தை லேயாட் தாமே கூறுகின்றார். நெடுங்காலம் தம்மிடம் அன்போடு பணிசெய்த முத்துவின் பெயரையே இட்டதாகவும், தம் சேகரிப்பின் சிறந்த பறவைகள் பலவற்றுக்கு அவரது விடாமுயற்சியும் வேட்டைத் திறனுமே காரணமென்றும், யூன் மாதத்து ஒரு காலையிற் பருத்தித்துறையில் அவர் இப்பறவையைக் கொணர்ந்தாரென்றும் எழுதுகின்றார். முத்துவைப் பற்றி விஞ்ஞான இலக்கியம் தரும் வாழ்க்கை வரலாறு இதுவே. அவருடைய ஊரோ குலமோ தந்தை பெயரோ அங்கு இல்லை. முத்து என்பது சைவர், கிறித்தவர், முஸ்லிம்கள் ஆகிய மூவரிடமும் வழங்கிய பெயர். ஆதலின் அவரைப் பருத்தித்துறையாரென்றோ, இணுவிலாரென்றோ, இன்ன சமூகத்தாரென்றோ உரிமை கொண்டாடுவது வரலாறாகாது. அவ்வாறு ஊர்ப்பெருமை பேச முயல்வோர் உளராயின், அவர்கள் கைலாயமாலையின் ஆசிரியர் பெயரும் முத்துராசரே என்பதை எண்ணி ஆறுதலடையலாம்.

லேயாட்டின் அக்குறிப்பில் ஒரு சிக்கல் உண்டு. யூன் மாதம் என அவர் கூறுவது பறவையின் வாழ்க்கை முறைக்கு ஒவ்வாது. ஒக்ரோபரில் வாடைக் காற்றோடு வந்து பங்குனி, சித்திரையளவில் இப்பறவைகள் நாட்டைவிட்டு நீங்கிவிடுகின்றன. யூன் மாதத்தில் யாழ்ப்பாணத்திற் சோளகம் வீசும். இப்பறவையோ அசாமிய மலைகளில் முட்டையை அடைகாத்துக்கொண்டிருக்கும். நோயாலோ இறகுச் சேதத்தாலோ பின்தங்கிய பறவை என்று கொள்ளலாம்; அது நடவாததன்று. எனினும் பல நூறு மாதிரிகளைத் தோலுரித்துப் பதப்படுத்தி, குறிப்புகளைப் பின்னர் ஒழுங்குபடுத்திய ஒருவரின் நினைவிலோ ஏட்டிலோ மாதம் பிறழ்ந்தது என்பதே எமக்குப் பொருத்தமாகத் தோன்றுகின்றது. பறவை இன்னதென்பதில் எவருக்கும் ஐயம் எழவில்லை. விவரணம் அதற்கே பொருந்துகின்றது. ஆகவே பறவையைக் கொணர்ந்தவரின் வேலையிற் குறையில்லை. ஐயத்துக்கு இடமாவது திகதி எழுதியவரின் வேலையே.

முத்து பணியாளாயிருந்த காலச் சூழலையும் நினைவிற் கொள்ளவேண்டும். இலங்கையில் அடிமை முறையை முற்றாக ஒழித்த 20 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் 1844 ஆம் ஆண்டுக்குரியது. லேயாட் வந்திறங்கியது அதற்கு இரண்டு ஆண்டுகளின் பின். யாழ்ப்பாணத்திலே சட்டத்தால் அடிமைகளாகப் பதியப்பட்டிருந்த சாதியினர் சட்டத்தால் விடுவிக்கப்பட்டனரேனும், நிலமும் கிணறும் கோயிலும் முன்போலவே உயர்சாதியினரின் கட்டுப்பாட்டில் இருந்தன. வடமாகாண அரசாங்க அதிபராக டைக் ஆண்ட காலம் அது. 1848 இல் ஆறுமுக நாவலர் வண்ணார்பண்ணையிற் சைவப் பாடசாலையைத் தொடங்கினார். இணுவிலுக்கு அண்மையிலுள்ள மானிப்பாயிலே அமெரிக்க மிசனைச் சேர்ந்த மருத்துவர் சாமுவேல் கிறீன் மேலைநாட்டு மருத்துவத்தைத் தமிழில் எழுதவும் கற்பிக்கவும் அடியிட்ட காலமும் அதுவே. இவையெல்லாம் நமது நூல்களில் விரிவாக எழுதப்பட்டுள்ளன. இதே ஆண்டுகளிற் பற்றைக்குப் பற்றை அலைந்து ஓர் ஈப்பிடிப்பானைக் கண்டறிந்த தமிழ்ப் பணியாளின் உழைப்பும் நம் நாட்டு விஞ்ஞான வரலாற்றின் ஒரு பகுதி எனக் கொள்வதிற் தவறில்லை. கிறீனின் மாணவர் மொழிவழியாக விஞ்ஞானத்துள் புகுந்தனர். முத்து கண்வழியாகவும் கால்வழியாகவும் புகுந்தார்.

இனிப் பெயரிடும் முறைக்கு வருவோம். ஓர் உயிரினத்துக்கு இரண்டு சொற்களாலான இலத்தீன் பெயரிடும் வழக்கை விலங்கியலில் நிலைநாட்டியவர் சுவீடன் நாட்டு லின்னேயஸ். அவரது நூலின் 1758 ஆம் ஆண்டுப் பதிப்பே இத்துறைக்குத் தொடக்கமாகக் கொள்ளப்படுகின்றது. முதற்சொல் சாதியையும் இரண்டாஞ் சொல் இனத்தையும் குறிக்கும். இங்கு ஒரு சொற்குறிப்பு அவசியமாகின்றது. சுயமொழிக் கல்வியின் பொருட்டு இலங்கையில் ஆக்கப்பட்ட தமிழ்க் கலைச்சொற்களில் உயிரினப் பாகுபாட்டின் படிகள் வகுப்பு, வருணம், குடும்பம், சாதி, இனம் என அமைந்தன. நம் பாடசாலை மாணவர் இன்றும் இச்சொற்களாலேயே விலங்கியல் கற்கின்றனர். தமிழ்நாட்டில் வரிசை, பேரினம், சிற்றினம் என வழங்குவன நம்மிடையே வருணமும் சாதியும் இனமுமாயின. கலைச்சொல்லாக்கக் குழுவினர் எக்கருத்தோடு இவற்றைத் தெரிந்தனரோ, மனிதரைப் பிறப்பால் வரிசைப்படுத்திய சொற்கள் விலங்குகளின்மேல் ஏறியமை சமுதாய ஆராய்ச்சியாளர் நோக்கற்பாலது.

லேயாட் பெயரிட்ட காலத்தில் இத்துறைக்கு எழுதப்பட்ட விதிகள் புதியவை. எவர் எப்பெயரையும் இட்டும் மாற்றியும் வந்த குழப்பத்தைத் தீர்க்கப் பிரித்தானிய விஞ்ஞான முன்னேற்றச் சங்கம் ஒரு குழுவை நியமித்தது. ஹியூ ஸ்ற்றிக்லன்ட் தலைமையில் அமைந்த அக்குழுவிற் சாள்ஸ் டார்வினும் ஓர் உறுப்பினர். 1842 இல் அவர்கள் வகுத்த விதிகளின் உயிர்நாடி முந்துரிமை என்பது. ஓர் இனத்துக்கு முறைப்படி முதன்முதலில் வெளியிடப்பட்ட பெயரே செல்லும். பின்வந்தோர் அதனை விருப்பப்படி மாற்றலாகாது. அதே ஆவணம் வேறு சில பரிந்துரைகளையும் செய்தது. ஆட்பெயரால் இனங்களை அழைப்பதாயின் அச்சிறப்பு விலங்கியல் அறிஞராகப் புகழ்பெற்றோர்க்கே உரியதாக வேண்டுமென்றும், விஞ்ஞானப் புகழற்றோரின் பெயரை இடும் வழக்கம் கண்டிக்கத்தக்கதென்றும் அது கருதியது. அருமைப்பொருள் வணிகரின் பெயரில் அமைந்த பறவைப் பெயர்களை அது எடுத்துக்காட்டிக் கடிந்தது.

பன்னிரண்டு ஆண்டுகளின் பின் பருத்தித்துறைப் பறவைக்கு இடப்பட்ட பெயர் இப்பரிந்துரைக்கு நேர் மாறானது. விஞ்ஞானப் புகழ் ஒருபுறமிருக்க, எழுத்தறிவு உள்ளவரென்றுகூடக் கூறப்படாத ஒருவரின் பெயர் அது. ஆயின் பரிந்துரை வேறு, விதி வேறு. பரிந்துரையை மீறிப் பிறந்த பெயரை விதி காத்தது. முறைப்படி வெளியிடப்பட்டுவிட்டமையால் அதனை நீக்க எவருக்கும் அதிகாரம் இல்லாது போயிற்று. இப்பறவையையே வேறிடங்களிற் பெற்ற அறிஞர், புதியதெனக் கருதி வேறு பெயர்கள் இட்டதுமுண்டு. இரண்டும் ஒன்றெனத் தெளிந்தபோது பிந்திய பெயர்களே தள்ளுண்டன. அறிஞர் தம் ஒழுங்குக்காக வகுத்த விதி, அவர்களே தகுதியற்றவரெனக் கருதியிருக்கக்கூடிய ஒரு வேலையாளின் பெயருக்கு அரணாயமைந்தது. இம்முரணை விஞ்ஞான வரலாற்றின் சுவையான நிகழ்ச்சி என்று மட்டும் கூறி அமைய முடியாது. சலுகையாற் பெறப்பட்ட ஒன்று விதியாற் காக்கப்படும்போதே நிலைக்கின்றது என்பதற்கு இது சான்றாகும்.

பெயரின் முன்பாதிக்கு இந்த அரண் இல்லை. ஓர் இனம் எந்தச் சாதிக்குரியது என்பது ஆராய்ச்சியாளரின் கருத்தைப் பொறுத்தது. கருத்து மாறுந்தோறும் சாதிப்பெயரும் மாறும். லேயாட் இதனைப் பியூற்றாலிஸ் என்ற சாதியுள் வைத்தார். பிரித்தானிய இந்தியாவின் விலங்குகளைப் பற்றிய நூல்வரிசையில் 1890 இற் பறவைகளின் இரண்டாந் தொகுதியை எழுதிய ஓட்ஸ் அல்சியோனக்ஸ் என்ற சாதியுள் வைத்தார். 1953 இல் ஈப்பிடிப்பான் சாதிகளை மீளாய்வு செய்த சாள்ஸ் வோறி, அல்சியோனக்ஸ் தனிச் சாதியாகத் தகாதெனக் கொண்டு அதனை மஸ்சிகாப்பாவுடன் இணைத்தார். மஸ்சிகாப்பா என்பது 1760 இல் பிரெஞ்சு அறிஞர் பிறிசன் நிறுவிய சாதி. இலத்தீனில் ஈயைப் பிடிப்பது என்பது பொருள். இன்று பறவை அங்கேயே உள்ளது. மரபணு ஆய்வுகளின் பின் மஸ்சிகாப்பாவின் எல்லைகளும் மீண்டும் கேள்விக்குள்ளாகி, ஆபிரிக்க இனங்கள் சில வேறு சாதிகளுக்கு மாற்றப்பட்டுள்ளன. ஒரு நூற்றாண்டில் இருமுறை சாதி மாறிய இக்குருவிக்கு முத்து என்ற பெயர் மட்டும் மாறவில்லை. யாழ்ப்பாணத்திலே மனிதர்க்கு எளிதில் மாறாதிருந்தது எதுவோ அது பறவைக்கு மாறியது.

சாதியைவிடப் பெரிய மாற்றம் குடும்ப மட்டத்தில் நிகழ்ந்தது. பறந்து பூச்சி பிடித்தல், தட்டையான அலகு, அலகடியில் மயிர்கள் ஆகிய புறத்தோற்றங்களைக் கொண்டு முன்னையோர் ஈப்பிடிப்பான் குடும்பத்தை வகுத்தனர். இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியிலே மேயர், அமடன் போன்றோர் பூங்குருவிகளையும் சிலம்பன்களையும் கதிர்க்குருவிகளையும் இதனுடன் சேர்த்து மாபெருங் குடும்பமாக்கினர். சிப்லியும் அல்குவிஸ்ற்றும் மரபணுப் பொருளை ஒப்பிட்டு நடத்திய ஆராய்ச்சிகளும், 1990 இல் அவர்கள் வெளியிட்ட பெருநூலும், 2010 இல் வெளிவந்த நுண்ணிய மரபணு ஆய்வுகளும் அப்பெருங்குடும்பத்தைக் குலைத்தன. தொழில் ஒன்றாயிருத்தல் உறவுக்குச் சான்றாகாது என்பது தெளிவாயிற்று. பறக்கும் பூச்சியைப் பிடிக்கும் தொழில் பல்வேறு வழித்தோன்றல்களில் தனித்தனியே உண்டாகியுள்ளது.

இதன் விளைவை இணுவிலின் ஒரு வளவிலிருந்தே விளக்கிவிடலாம். கிணற்றடியிலும் வேலியிலும் நாள்தோறும் காணும் வண்ணாத்திக்குருவியை எவரும் ஈப்பிடிப்பான் என்பதில்லை. பறவை நூல்களும் அதனை நெடுங்காலம் பூங்குருவிக் குடும்பத்தில் வைத்திருந்தன. இன்று அது ஈப்பிடிப்பான் குடும்பத்தின் உறுப்பினர். முத்துவின் பறவைக்கு நெருங்கிய சுற்றம். மறுபுறத்திலே, நீண்ட வாற்பட்டை அசையப் பறக்கும் அரசவால் ஈப்பிடிப்பான் பெயரளவிலேயே ஈப்பிடிப்பான். அது வேறு குடும்பத்துக்கு மாற்றப்பட்டுவிட்டது. அக்குடும்பம் காக்கைகளோடு உறவுடைய கிளையைச் சேர்ந்தது. லின்னேயஸ் 1758 இல் அரசவாலைக் காக்கைச் சாதியில் வைத்தபோது பின்வந்தோர் அதனைப் பெரும் பிழையென்று திருத்தினர். திருத்தியோரின் திருத்தமும் இன்று திருத்தப்பட்டுள்ளது. வண்ணாத்திக்குருவியை அவர் மைனாக்களுடன் வைத்ததும் இவ்வாறே. மைனாக் குடும்பம் ஈப்பிடிப்பான்களின் அயற்கிளை. லின்னேயஸ் முன்னுணர்ந்தார் என்பது எமது கூற்றன்று. அவருடைய சாதிகள் மிகப் பரந்தவை, எதையும் கொள்ளும்.

மக்கள் வழக்குப் பெயர்கள் வேறொரு நெறியில் இயங்குகின்றன. பயனும் பழக்கமும் எவ்வளவோ அவ்வளவே மக்கள் பெயரிடுகின்றனர். கூட்டமாய் முற்றத்தில் இரையும் புலுனி, பழமரத்து மாம்பழத்தி, செண்பகம், கரிச்சான் என்பன தனிப்பெயர் பெற்றன. சிறிய கபிலப் பறவைகள் பலவும் குருவி என்ற ஒரு சொல்லுக்குள் அடங்கின. சங்கச் செய்யுள்களின் குரீஇ என்ற சொல்லுக்கும் இத்தகைய பரப்பு உண்டு. தூது இலக்கியம் பாடியோர் கிளியையும் அன்னத்தையும் குயிலையும் அழைத்தனர். இணுவிற் சின்னத்தம்பிப் புலவரின் பஞ்சவன்னத் தூது தோன்றிய மண்ணிலும் நிழலிற் பதுங்கும் கபிலக் குருவியை எவரும் தூதுவிட எண்ணவில்லை. வழக்குப் பெயர்களிலும் உழைக்கும் மக்கள் இடம்பெறாமலில்லை. வண்ணாத்திக்குருவி, வண்ணாத்திப்பூச்சி என்ற பெயர்களில் ஆடை வெளுக்கும் பெண் நிற்கின்றாள். சிங்கள மக்கள் அரசவாலைத் துணித்திருடன் என்ற பொருளில் ரெதி ஹொரா என்பர். ஆயின் இவற்றிற் காணப்படுவது தொழிலும் சாதியுமே; ஓர் ஆளின் பெயரன்று. வைபவமாலையின் தொகைப்பெயர் வழக்கே இங்கும் தொடர்கின்றது. தனியொரு வேலையாளின் பெயர் பறவையின்மேல் ஏறியது அந்நிய மொழியொன்றிலேதான்.

இதனால் லேயாட்டைப் பெருந்தகையென்று போற்றிவிட வேண்டுமா? அவர் செய்ததை அவர் காலத்தவர் செய்தவற்றோடு ஒப்பிட்டே மதிப்பிட வேண்டும். 1849 இற் பிளைத் இலங்கை அணிலொன்றுக்கு லேயாட்டின் பெயரையும், பச்சைக்கிளி இனமொன்றுக்கு லேயாட்டின் மனைவியாரின் பிறந்தகக் குடிப்பெயரையும் இட்டார். கிளியின் பெயரில் அக்குடிப்பெயர் ஓர் உயிரெழுத்துப் பிறழ்ந்து அச்சேறியது. பெயர்கள் இவ்வாறு சேகரிப்போர்க்கும் விவரிப்போர்க்குமிடையே வழங்கப்பட்ட பரிசுகள். அப்பரிசில் வட்டத்துக்கு வெளியே நின்ற ஒருவரை லேயாட் உள்ளே கொணர்ந்தார். அவர் பெயரை இரண்டு தகரங்களோடு செம்மையாகவும் எழுதினார்.

இன்னும் பொருத்தமான ஒப்பீடு மலாய்த் தீவுகளிற் கிடைக்கின்றது. அங்கு உயிரினங்களைச் சேகரித்த அல்பிரட் றசல் வலஸ், சரவாக்கைச் சேர்ந்த அலி என்ற இளைஞரைப் பணியாளாகக் கொண்டிருந்தார். 1858 ஒக்ரோபரிற் பச்சான் தீவில் அலி ஒரு விந்தையான சொர்க்கப் பறவையைச் சுட்டுக்கொண்டுவந்து கொடுத்தார். அதுவரை விஞ்ஞானம் அறியாத அப்பறவைக்கு 1859 இல் இலண்டனில் கிறே என்பவர் வலஸின் பெயரை இட்டார். வலஸ் தமது நூலில் அந்நிகழ்ச்சியை ஒளிக்காது எழுதியுள்ளார். அலியின் உழைப்பைப் பாராட்டவும் செய்கின்றார். ஆயினும் பறவை வலஸின் பெயரையே தாங்கிற்று. நான்கைந்து ஆண்டு இடைவெளியில் நிகழ்ந்த இவ்விரு நிகழ்ச்சிகளும் அமைப்பில் ஒன்றே: பணியாள் பறவையைக் கொணர்கின்றார், எசமான் அதன் அருமையை உணர்கின்றார், இலண்டனிற் பெயர் அச்சாகின்றது. இறுதிப்படியில் மட்டுமே வேறுபாடு. அந்த வேறுபாட்டுக்காக லேயாட்டுக்குரிய நன்மதிப்பை மறுப்பது நேர்மையன்று.

அதேவேளை அவர் முத்துவைப் பாராட்டும் முறையையும் உற்றுநோக்க வேண்டும். அன்பு, பொறுமை, வேட்டைத் திறன் என்பன அவர் எண்ணும் பண்புகள். அறிவு என்ற சொல்லை அவர் முத்துவோடு இணைக்கவில்லை. ஆயின் அறிவின்றி இவ்வேலை நடந்திருக்க முடியுமா? ஒளி மங்கிய நிழலில், கால் நிறத்தாலும் மார்பு நிறத்தாலும் மட்டுமே வேறுபடும் ஒரு குருவியை, இது முன்னர் கொடுத்தவற்றுள் ஒன்றன்று என உணர்ந்து எடுத்துவந்தது ஒரு பாகுபாட்டுச் செயலே. எசமானின் பெட்டிகளில் எவை உள்ளன, எவை இல்லை என்பது மனத்திற் பதிந்திராத ஒருவருக்குப் புதியதையும் பழையதையும் பிரிக்க இயலாது. ஒரு பறவை தற்செயலாகக் கிட்டியிருக்கலாம் என்போர்க்கு, சிறந்த பறவைகள் பல அவராற் கிடைத்தன என்ற லேயாட்டின் சொல்லே மறுமொழியாகும். களத்தில் முதற் பாகுபாட்டைச் செய்தவர் முத்து. மேசையில் இரண்டாவது பாகுபாட்டைச் செய்தவர் லேயாட். வரலாறு இரண்டாவதற்கே ஆசிரியப் பெயர் தருகின்றது. பெயரின் பின்னே இன்றும் லேயாட், 1854 என்றே எழுதப்படுகின்றது.

ஆங்கிலப் பொதுப்பெயரின் வரலாறு இதனிலும் தெளிவானது. பொதுப்பெயர்களுக்கு முந்துரிமை விதி இல்லை. வழங்குவோர் விருப்பமே விதி. ஆங்கில நூல்களில் இப்பறவை லேயாட்டின் ஈப்பிடிப்பான் என நெடுங்காலம் அழைக்கப்பட்டது. எசமான் பணியாளுக்குக் கொடுத்த பறவையை எசமானின் மொழி அவருக்கே திருப்பிக் கொடுத்துவிட்டது. விதி நின்ற இடத்திற் பணியாளின் பெயரும், விதி இல்லாத இடத்தில் எசமானின் பெயரும் நிலைபெற்றமை தற்செயல் என்று எமக்குத் தோன்றவில்லை. இன்றைய ஆங்கிலப் பட்டியல்கள் பெரும்பாலும் கபில மார்பு ஈப்பிடிப்பான் என்றே குறிக்கின்றன. இருவர் பெயரும் அங்கு நீங்கின.

தமிழில் எழுதுவோர் செய்திருப்பது என்ன? மார்பின் நிறத்தைச் சொல்லும் ஆங்கிலப் பெயரை மொழிபெயர்த்துப் பழுப்பு மார்பு ஈப்பிடிப்பான் என்பது போன்று வழங்குகின்றோம். சீனத்து அறிஞரும் தாய்லாந்து அறிஞரும் தத்தம் ஆய்வேடுகளில் அப்பறவையைக் குறிக்குந்தோறும் முத்துவின் பெயரை எழுதியாக வேண்டும். அப்பெயருக்கு விளக்கமே வேண்டாத மொழியிலேதான் அது எழுதப்படுவதில்லை. கலைச்சொல்லாக்கம் என்பது பெரும்பாலும் ஆங்கிலச் சொல்லுக்கு நேர்ச்சொல் தேடும் முயற்சியாகவே நம்மிடம் நிகழ்ந்துவந்தமையின் விளைவு இது. பறவைப் பெயர்களைத் தமிழில் வரையறுக்கும் பணியில் ஈடுபட்டோரிடமும், விலங்கியற் பாடநூல் ஆக்குவோரிடமும் நாம் முன்வைப்பது ஒரு சிறு கோரிக்கை: இப்பறவையை முத்து ஈப்பிடிப்பான் என வழங்குக. பொதுப்பெயருக்கு விதி தடையாகாது.